மூணு மொழிக்கும் ஒரே வில்லன்: எல்லை தாண்டிய பிரகாஷ்ராஜின் 30 ஆண்டுக் கதை

2003-ல் தெலுங்கில் 'ஒக்கடு' வந்தது. ஹீரோ மகேஷ்பாபு. 2004-ல் அதே கதை தமிழில் 'கில்லி' ஆனது. ஹீரோ விஜய். 2006-ல் கன்னடத்தில் 'அஜய்'. ஹீரோ புனித் ராஜ்குமார். ஹீரோயின்களும் பூமிகா, த்ரிஷா, அனுராதா மேத்தா என்று படத்துக்குப் படம் மாறினார்கள். இயக்குநர்களும் மூன்று பேர்.

மாறாத ஆள் ஒருத்தர் மட்டும்தான். வில்லன். மூன்று படத்திலும் பிரகாஷ்ராஜ்.

மற்ற ஊர்க்காரர்களுக்கு இது ஒரு சினிமா துணுக்கு. ஓசூர்க்காரர்களுக்குக் கொஞ்சம் நெருக்கமான விஷயம். தமிழ், தெலுங்கு, கன்னடம் மூன்றும் ஒரே தெருவில் கேட்கிற ஊர் அது. வீட்டில் தெலுங்கு, பள்ளிக்கூடத்தில் தமிழ், எலக்ட்ரானிக் சிட்டியில் வேலைக்குப் போனால் கன்னடம் என்று ஒரு நாளைக்குள் மூன்று மொழி மாறுகிறவர்கள் அங்கே ஏராளம். அத்திப்பள்ளியைத் தாண்டிப் போய் மாலையில் திரும்பி வருபவர்கள் தினமும் செய்கிற வேலையைத்தான் பிரகாஷ்ராஜ் 30 வருஷமாகத் திரையில் செய்கிறார்.

ஹீரோக்களால் எளிதில் முடியாத இந்த எல்லை தாண்டல் ஒரு குணச்சித்திர நடிகருக்கு எப்படிச் சாத்தியமானது? அதற்கு அவர் கொடுத்த விலை என்ன? பார்ப்போம்.

மாசம் 300 ரூபாய்

1965 மார்ச் 26-ல் பெங்களூருவில் பிறந்தவர் பிரகாஷ் ரை. அப்பா துளு பேசும் பின்னணியிலிருந்து வந்தவர். அம்மா கன்னடம். அதாவது வீட்டுக்குள்ளேயே ஒரு மொழி எல்லை இருந்தது.

சினிமாவுக்கு முன்னால் அவருக்கு நாடகம். பெங்களூரு கலாக்ஷேத்ராவில் நாடகங்களில் நடித்த ஆரம்ப நாட்களில் மாதம் 300 ரூபாய்தான் சம்பளம். தெருநாடகங்கள் மட்டும் சுமார் 2,000 முறை நடித்திருக்கிறார். தெருநாடகத்தில் மைக் கிடையாது, லைட் கிடையாது, கேமரா குளோஸ்-அப்பும் கிடையாது. கூட்டத்தின் கடைசி வரிசையில் நிற்கிறவர் கேட்க வேண்டுமென்றால் குரல் மட்டும்தான் கருவி. இந்தக் குரலை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். கதையில் திரும்ப வரும்.

அடுத்த படி தொலைக்காட்சி. தூர்தர்ஷன் கன்னடத்தில் 'பிசிலு குதுரே', 'குட்டத பூதா' ஆகிய தொடர்களில் நடித்தார். கேபிள் டிவி வீட்டுக்கு வீடு வராத காலம் அது. தூர்தர்ஷன் தொடரில் ஒரு முகம் வந்தால் மாநிலம் முழுக்கத் தெரிந்துவிடும். பிறகு கன்னட சினிமாவில் சின்னச் சின்ன வேடங்கள். 1993-ல் சுனில் குமார் தேசாயின் 'நிஷ்கர்ஷா', 1994-ல் 'லாக்கப் டெத்' என்று ஆட்டம் மெதுவாகத்தான் சூடு பிடித்தது.

கீதா சொன்ன சிபாரிசு

திருப்பம் வந்தது விஷ்ணுவர்தன் நடித்த 'ஹரகெய குரி' என்ற கன்னடப் படத்தில். உடன் நடித்த கீதா, இந்த இளைஞரின் வசன உச்சரிப்பைக் கவனித்தார். தமிழில் கே.பாலசந்தரின் படங்களில் நடித்து வந்தவர் அவர். பாலசந்தரிடம் பிரகாஷை அறிமுகம் செய்துவைத்தார். 1994-ல் 'டூயட்' வந்தது. ரை, ராஜ் ஆனார்.

பெயரை மாற்றியவர் பாலசந்தர். கர்நாடகத்தில் இன்றும் அவரை 'பிரகாஷ் ரை' என்றே எழுதுகிறார்கள். ஓசூர் பக்கம் வந்தால் ராஜ், அத்திப்பள்ளி பக்கம் போனால் ரை. ஒரே ஆளுக்கு எல்லையின் இரண்டு பக்கமும் இரண்டு பெயர்.

இந்த இடத்தில் கிருஷ்ணகிரிக்காரர்களுக்கு இன்னொரு பெயர் ஞாபகம் வரும். வேப்பனப்பள்ளி பக்கம், கர்நாடக எல்லையை ஒட்டியிருக்கிற நாச்சிகுப்பம்தான் ரஜினிகாந்தின் பூர்வீக கிராமம். அவரும் பெங்களூருவில் வளர்ந்தவர். அவரையும் 1975-ல் 'அபூர்வ ராகங்கள்' மூலம் கொண்டுவந்தவர் பாலசந்தர். சிவாஜி ராவ் என்ற பெயரை ரஜினிகாந்த் என்று மாற்றியதும் அவர்தான். வேர், வளர்ந்த நகரம், குரு, பெயர் மாற்றம் என்று இவ்வளவு ஒற்றுமை இருந்தும் இருவரின் பாதையும் பிரிந்துவிட்டது. ஒருவர் ஒரு மொழியின் சூப்பர் ஸ்டார் ஆனார். மற்றவர் நான்கைந்து மொழிகளின் குணச்சித்திர நடிகர் ஆனார்.

'டூயட்' வந்த காலகட்டத்தையும் கவனிக்க வேண்டும். காவிரி நடுவர் மன்றத்தின் இடைக்காலத் தீர்ப்பை ஒட்டி பெங்களூருவில் தமிழர்கள் மீது வன்முறை நடந்தது 1991 டிசம்பரில். மூன்று வருஷம்கூட ஆகாத நிலையில் பெங்களூரு கன்னடர் ஒருவர் தமிழ் சினிமாவில் வந்து நிற்கிறார். தமிழ் ரசிகர்கள் அவரிடம் கேட்டது ஒன்றே ஒன்றுதான்: நடிப்பாரா?

1995-ல் வசந்தின் 'ஆசை' அதற்குப் பதில் சொன்னது. மனைவியின் தங்கை மீது மனசுக்குள் வெறியை வளர்த்துக்கொண்டு, வெளியே அன்பான மாமாவாகச் சிரிக்கிற மேஜர் மாதவன். அதுவரை தமிழ் வில்லன் என்றால் கத்துவார், கண்ணை உருட்டுவார். இவர் சிரித்துக்கொண்டே பயமுறுத்தினார். அடுத்த வருஷம் பாலசந்தரின் 'கல்கி'யில் மனைவியை வதைக்கிற கணவன் வேடம். படத்தில் அவரோடு நடித்தவர்களில் ஒருவர் அதே கீதா.

ஹீரோ மாறுவார், வில்லன் மாற மாட்டார். ஏன்?

இங்கேதான் விஷயம் இருக்கிறது. தென்னிந்திய சினிமாவில் ஒரு படம் ஹிட் ஆனால் மற்ற மொழிகள் அதன் ரீமேக் உரிமையை வாங்குவது பல வருஷ வழக்கம். ரீமேக்கில் முதலில் மாற்றுவது ஹீரோவைத்தான். காரணம் எளிது. ஹீரோவுக்கு ரசிகர் மன்றம் இருக்கிறது, ஓப்பனிங் வசூல் இருக்கிறது. இவர் 'நம்ம ஆளு' என்ற உணர்வும் வேண்டும். அந்த உணர்வு மாநில எல்லையோடு பெரும்பாலும் நின்றுவிடும்.

வில்லனுக்கும் அப்பாவுக்கும் அந்தக் கட்டாயம் இல்லை. நன்றாக நடிக்க வேண்டும், அந்த மொழியைப் பேச வேண்டும், அவ்வளவுதான். ஒரு மொழியில் கிளிக் ஆன வில்லனையே அடுத்த மொழிக்கும் கூப்பிட்டால் தயாரிப்பாளருக்கு ரிஸ்க் குறைவு. 'கில்லி' மட்டும் இல்லை, பட்டியல் இருக்கிறது.

தெலுங்கு 'போக்கிரி'யில் அலி பாய். தமிழ் 'போக்கிரி'யிலும் அவரே. அது இந்தியில் 'வான்டட்' ஆனபோதும் வில்லன் அவர்தான். மகேஷ்பாபு, விஜய், சல்மான் கான் என்று ஹீரோக்கள் மாறினார்கள். 'பொம்மரில்லு'வில் மகனைத் தன் விருப்பப்படியே வளர்க்கிற அப்பா. தமிழில் அதே கதை 'சந்தோஷ் சுப்ரமணியம்' ஆனபோது அப்பாவும் அவரே. தமிழ் 'சிங்கம்' படத்தின் மயில்வாகனம், இந்தி 'சிங்கம்' வந்தபோது ஜெய்காந்த் ஷிக்ரே ஆனார்.

இதில் நேரக் கணக்கும் உண்டு. ஹீரோவுக்கு ஒரு படத்துக்கு மாதக்கணக்கில் கால்ஷீட் போகும். குணச்சித்திர நடிகருக்குப் பெரும்பாலும் அதில் ஒரு பகுதி நாட்களே போதும். அதனால் ஒரே வருஷத்தில் பல படம் செய்யலாம். ஒரு மொழி மட்டும் தெரிந்தவருக்கு ஒரு மார்க்கெட். மூன்று மொழி தெரிந்தவருக்கு மூன்று மார்க்கெட். ஓசூரில் மூன்று மொழி தெரிந்த சேல்ஸ்மேனுக்குக் கிடைக்கிற அதே லாபம்.

குரல்தான் பாஸ்போர்ட்

சரி, வேற்று மொழி நடிகர்கள் தமிழில் எத்தனையோ பேர் வருகிறார்களே, அவர்களுக்கெல்லாம் டப்பிங் இருக்கிறதே என்று கேட்கலாம். கேட்க வேண்டிய கேள்விதான்.

நம் படங்களில் பெரும்பாலும் படப்பிடிப்பில் பதிவாகிற ஒலி ஒரு வழிகாட்டி மட்டுமே. பிறகு டப்பிங் தியேட்டரில் திரையைப் பார்த்து, உதட்டசைவுக்குப் பொருந்த வசனத்தை மறுபடி பேசிப் பதிவு செய்வார்கள். இந்த வசதி இருப்பதால் மொழி தெரியாத நடிகரும் நடித்துவிட்டுப் போகலாம். குரல் இன்னொருவர் கொடுப்பார். பார்வையாளருக்கு முகம் ஒருவருடையது, குரல் வேறொருவருடையது என்பது தெரியவே தெரியாது.

நல்ல உதாரணம் 'ஆடுகளம்'. துரையாக நடித்த கிஷோர் கன்னட நடிகர். அற்புதமான நடிப்பு. அந்தப் பாத்திரத்துக்குக் குரல் கொடுத்தவர் சமுத்திரக்கனி. பேட்டைக்காரராக நடித்தவர் ஈழக் கவிஞர் வ.ஐ.ச.ஜெயபாலன். அவருக்குக் குரல் ராதாரவி. மதுரைப் பேச்சு அவ்வளவு முக்கியமான படத்தில் இது தேவையாக இருந்தது. குறை சொல்ல ஒன்றும் இல்லை.

பிரகாஷ்ராஜ் வேறு வழி எடுத்தார். தமிழ், தெலுங்கு இரண்டையும் பேசக் கற்றுக்கொண்டு, தன் வேடங்களுக்குத் தானே குரல் கொடுத்தார். இதன் உச்சம் 1997-ல் வந்த மணிரத்னத்தின் 'இருவர்'. அவருடைய பாத்திரம் தமிழ்ச்செல்வன். கவிஞர், வசனகர்த்தா, மேடைப் பேச்சாளர், பிறகு முதலமைச்சர். மு.கருணாநிதியை மனதில் வைத்து உருவான பாத்திரம் என்று எல்லோரும் பேசினார்கள்.

யோசித்துப் பாருங்கள். மேடைத் தமிழால் ஆட்சியைப் பிடித்த ஒரு இயக்கத்தின் கதை. அதில் தமிழையே ஆயுதமாக வைத்திருக்கிற பேச்சாளராக, தமிழுக்கு வந்து மூன்றே வருஷமான ஒரு கன்னடர். அந்தப் படத்தின் முதல் ஷாட்டுக்கு 25 டேக் வரை போனது, ஆறு மணி நேரத்துக்கு மேல் ஆனது என்று பிரகாஷ்ராஜே பின்னாளில் சொல்லியிருக்கிறார். பாத்திரத்தின் கவிதை வரிகள் சிலவற்றைப் படத்தில் அரவிந்த் சாமியின் குரலில் கேட்கலாம். வசனம் பிரகாஷ்ராஜின் குரல். சிறந்த துணை நடிகருக்கான தேசிய விருது அவருக்குக் கிடைத்தது.

இதற்கு நேர் எதிரான உதாரணமும் அவருடைய பட்டியலிலேயே உண்டு. 2018-ல் மலையாளத்தில் மோகன்லாலுடன் 'ஒடியன்'. அங்கே பிரகாஷ்ராஜின் முகத்துக்குக் குரல் கொடுத்தவர் ஷம்மி திலகன். சிறந்த டப்பிங் கலைஞருக்கான கேரள மாநில விருது ஷம்மி திலகனுக்குப் போனது. முகம் பாதி, குரல் பாதி என்பதற்கு இதைவிட நல்ல சாட்சி வேண்டாம்.

33 வயதில் அப்பா

ஹீரோவுக்கு வயது ஒரு எதிரி. குணச்சித்திர நடிகருக்கு அது முதலீடு. 1998-ல் கிருஷ்ண வம்சியின் தெலுங்குப் படம் 'அந்தப்புரம்'. ராயலசீமா பகையில் ஊறிய ஒரு குடும்பத் தலைவர் வேடம். மகனாக நடித்தவர் சாய்குமார். நிஜத்தில் சாய்குமார் பிரகாஷ்ராஜைவிட வயதில் மூத்தவர்! அப்போது 33 வயதான பிரகாஷ்ராஜ் அந்த அப்பா வேடத்துக்காக தேசிய விருதில் சிறப்புக் குறிப்பு பெற்றார்.

இப்படிச் சீக்கிரமே வயதான வேடங்களுக்குப் போனதால், பிறகு வயது ஆனபோது மார்க்கெட் சரியவில்லை. 2000-ல் 'அப்பு'வில் மகாராணி என்ற திருநங்கை வில்லி. 2002-ல் 'கன்னத்தில் முத்தமிட்டால்' படத்தில் டாக்டர் ஹெரால்ட் விக்ரமசிங்க என்ற சிங்கள மருத்துவர். 2004-ல் 'செல்லம்' என்று கொஞ்சிக்கொண்டே மிரட்டுகிற முத்துப்பாண்டி. 2008-ல் 'அபியும் நானும்' படத்தில் மகளை விட்டுப் பிரிய முடியாமல் தவிக்கிற அப்பா. 'கில்லி' 2024 ஏப்ரலில் மறுபடி தியேட்டருக்கு வந்தபோது, அது முதலில் வந்தபோது பிறந்தேயிராத பிள்ளைகளும் முத்துப்பாண்டிக்கு விசில் அடித்தார்கள்.

எல்லாவற்றுக்கும் மேலே 'காஞ்சிவரம்'. பிரியதர்ஷன் இயக்கியது. வேங்கடம் என்ற பட்டு நெசவாளி, தன் மகள் கல்யாணத்துக்கு ஒரு பட்டுச் சேலை நெய்ய ஆசைப்படுகிறான். தினம் பட்டு நெய்கிறவனால் ஒரு பட்டுச் சேலை வாங்க முடியாது. நூலைக் கொஞ்சம் கொஞ்சமாகத் திருடுகிறான். 2008-ல் டொராண்டோ திரைப்பட விழாவில் திரையிடப்பட்ட இந்தப் படம் 55-வது தேசிய விருதுகளில் சிறந்த படம் ஆனது. சிறந்த நடிகர் விருது பிரகாஷ்ராஜுக்கு. துணை நடிகர், சிறப்புக் குறிப்பு, 2002-ன் 'தயா'வுக்குச் சிறப்பு நடுவர் விருது என்று படிப்படியாக ஏறி வந்தவர், ஹீரோக்களின் விருதையும் வாங்கிவிட்டார்.

சம்பாதித்ததைப் போட்ட இடம்

வில்லனாகச் சம்பாதித்த காசை அவர் போட்டது சின்னப் படங்களில். தன் கம்பெனிக்கு வைத்த பெயர் 'டூயட் மூவீஸ்'. முதல் தமிழ்ப் படத்தின் பெயர் அது. ராதா மோகனின் 'அழகிய தீயே', 'மொழி', 'அபியும் நானும்', 'பயணம்' எல்லாம் இங்கிருந்து வந்தவை. பேசவும் கேட்கவும் முடியாத ஒரு பெண்ணைச் சுற்றி நகர்கிற 'மொழி', குரலை வைத்தே பிழைத்த ஒருவரின் தயாரிப்பு என்பது சுவாரஸ்யமான விஷயம். தன்னை அறிமுகம் செய்த பாலசந்தரை வைத்தே 2006-ல் 'பொய்' தயாரித்தார்.

இயக்குநரானது கன்னடத்தில். 2010-ல் 'அபியும் நானும்' கதையை 'நானு நன்ன கனசு' என்று எடுத்தார். 2012-ல் 'தோனி'யைத் தமிழிலும் தெலுங்கிலும் எடுத்தார். 2014-ல் ஒரு மலையாளப் படத்தின் கதையைத் தமிழ், தெலுங்கு, கன்னடம் மூன்றிலும் ஒரே நாளில் வெளியிட்டார். 'உன் சமையல் அறையில்', 'உலவச்சாரு பிரியாணி', 'ஒக்கரணே'. தெலுங்குக்காரருக்குக் கொள்ளு ரசம் போட்ட பிரியாணி, கன்னடக்காரருக்குத் தாளிப்பு. தலைப்பிலேயே ஊர் ஊருக்கு ருசி மாறுகிறது.

ஓசூர், கிருஷ்ணகிரி மக்கள் தேடிப் பார்க்க வேண்டிய படம் ஒன்றும் இருக்கிறது. பி.சுரேஷா இயக்கிய 'புட்டக்கன ஹைவே' என்ற கன்னடப் படம். பிரகாஷ்ராஜ் தயாரிப்பாளர்களில் ஒருவர், நடித்தும் இருக்கிறார். நெடுஞ்சாலைக்காக நிலத்தைப் பறிகொடுக்கிற புட்டக்கா என்ற கிராமத்துப் பெண்ணின் கதை. 2010-ம் ஆண்டின் சிறந்த கன்னடப் படத்துக்கான தேசிய விருது பெற்றது. சாலைக்கும் தொழிற்பேட்டைக்கும் நிலம் கொடுத்த பகுதிகளில் அந்தக் கதைக்கு மொழிபெயர்ப்பே தேவைப்படாது.

மறுபடி சின்னத் திரை

தொடங்கிய இடத்துக்கும் அவர் திரும்பி வந்தார். 2013-ல் விஜய் டிவியின் 'நீங்களும் வெல்லலாம் ஒரு கோடி' இரண்டாவது சீசன். முதல் சீசனில் சூர்யா உட்கார்ந்த நாற்காலியில் இவர். எதிரே இருப்பவரைச் சகஜமாக்கிப் பேச வைக்கிற வேலை அது. எழுதிக் கொடுத்த வசனம் மட்டும் போதாது, மொழி சரளமாக வர வேண்டும்.

ஓடிடி வந்த பிறகு இன்னொரு சுற்று. 2020-ல் நெட்ஃப்ளிக்ஸின் 'பாவக் கதைகள்' தொகுப்பில் வெற்றிமாறனின் 'ஓர் இரவு'. கர்ப்பிணி மகளைச் சீராட்டுவதாக வீட்டுக்கு அழைத்துவரும் அப்பா. மகளாக சாய் பல்லவி. 'ஆசை'யில் சிரித்துப் பயமுறுத்திய அதே நடிகர், 25 வருஷம் கழித்துச் சிரிப்புகூட இல்லாமல் மௌனத்தால் உறைய வைத்தார். 2021-ல் 'நவரசா' தொகுப்பின் 'எதிரி', 2022-ல் ஜீ5-ன் 'அனந்தம்' தொடர். ஹீரோ யார் என்பதைவிடக் கதை என்ன என்று கேட்கிற ஓடிடி, குணச்சித்திர நடிகர்களுக்குப் புது வாசல்.

'நீங்க எந்தப் பக்கம்?'

இதுவரை லாபக் கணக்கு. எல்லையில் வாழ்கிறவர்களுக்கு இன்னொரு கணக்கும் தெரியும். இரண்டு பக்கமும் சுமுகமாக இருக்கும்வரை இரண்டு மொழி தெரிந்தவர் எல்லோருக்கும் வேண்டியவர். சண்டை வந்தால் முதலில் சந்தேகத்தோடு பார்க்கப்படுபவரும் அவரேதான்.

2016 செப்டம்பர் 12 ஓசூருக்கு மறந்திருக்காது. காவிரிக் கலவரத்தில் பெங்களூருவில் தமிழகப் பதிவெண் கொண்ட பஸ்கள் கொளுத்தப்பட்டன. பஸ்கள் ஜூஜூவாடியோடு நின்றன. பெட்டியும் பிள்ளைகளுமாக மக்கள் அத்திப்பள்ளியிலிருந்து இந்தப் பக்கம் நடந்தே வந்தார்கள். அந்த நாட்களில் தன் படமான 'இதொள்ளெ ராமாயண'வை விளம்பரப்படுத்த ஒரு கன்னட சேனலுக்குப் பேட்டி கொடுத்துக்கொண்டிருந்தார் பிரகாஷ்ராஜ். காவிரி பற்றிக் கேள்வி வந்தது. சினிமா பேச வந்த இடத்தில் ஏன் இந்தக் கேள்வி என்று கோபப்பட்டுப் பாதியில் எழுந்து போனார். இரண்டு மாநிலத்திலும் வேலை பார்க்கிற ஒருவரிடம் அந்த வாரத்தில் அந்தக் கேள்வி கேட்கப்படுவதன் அர்த்தம், ஓசூரிலிருந்து பெங்களூருவுக்கு வேலைக்குப் போகிறவர்களுக்கு நன்றாகத் தெரியும்.

பிறகு அவர் எழுந்து போகவில்லை, எதிர்த்துப் பேசினார். 2018-ல் ரஜினியின் காவிரிக் கருத்துக்காகக் கர்நாடகத்தில் 'காலா'வை வெளியிட விட மாட்டோம் என்றபோது, படத்துக்கும் காவிரிக்கும் என்ன சம்பந்தம் என்று கேட்டார். 2023 செப்டம்பர் 28-ல் பெங்களூருவில் சித்தார்த்தின் 'சித்தா' பட நிகழ்ச்சியைக் கன்னட அமைப்பினர் தடுத்தார்கள். சித்தார்த் மேடையை விட்டு இறங்க வேண்டி வந்தது. கன்னடர்கள் சார்பில் சித்தார்த்திடம் மன்னிப்புக் கேட்டவர் பிரகாஷ்ராஜ். பிரச்சினையைத் தீர்க்க வேண்டிய தலைவர்களை விட்டுவிட்டுக் கலைஞர்களைத் தொந்தரவு செய்வது சரியா என்பது அவருடைய கேள்வி.

தெலுங்கிலும் எல்லாம் சுமுகம் என்று சொல்ல முடியாது. 2014-ல் 'ஆகடு' படப்பிடிப்பில் தகராறு வந்து அவர் வெளியேற, அவர் இடத்துக்கு சோனு சூட் வந்தார். 2021-ல் தெலுங்கு நடிகர் சங்கத் தலைவர் பதவிக்குப் போட்டியிட்டார். பிரச்சாரம் முழுக்க 'லோக்கலா, நான்-லோக்கலா' என்பதே பேச்சு. மஞ்சு விஷ்ணுவிடம் தோற்றார். இருபது வருஷத்துக்கு மேல் தெலுங்கில் அப்பாவாகவும் வில்லனாகவும் ஏற்றுக்கொள்ளப்பட்டவர், சங்கத் தலைவர் என்று வந்ததும் வெளியூர்க்காரர் ஆகிவிட்டார்.

சொந்த ஊரிலும் அதே கதைதான். நெருங்கிய தோழியான பத்திரிகையாளர் கௌரி லங்கேஷ் 2017 செப்டம்பர் 5-ல் சுட்டுக்கொல்லப்பட்ட பிறகு அவர் வெளிப்படையாக அரசியல் பேசத் தொடங்கினார். 2019-ல் பெங்களூரு மத்திய தொகுதியில் சுயேச்சை. கிடைத்தது சுமார் 29 ஆயிரம் ஓட்டு, மூன்றாவது இடம், டெபாசிட் காலி. திரையில் எல்லோருக்கும் தெரிந்த முகம் என்பது வேறு, ஓட்டுப் பெட்டி வேறு.

இந்தச் சிக்கலை ஒரே காட்சியில் பார்க்க வேண்டுமானால் 2021-ன் 'ஜெய் பீம்' இருக்கிறது. விசாரணையில் இந்தி பேசித் தப்பிக்கப் பார்க்கிற அடகுக்கடைக்காரரை அறைந்து, தமிழில் பேசச் சொல்கிறார் ஐ.ஜி. பெருமாள்சாமி. இந்தி எதிர்ப்பு என்று சர்ச்சை வெடித்தது. தெலுங்குப் பதிப்பில் அதே அறைக்குப் பிறகு தெலுங்கில் பேசச் சொல்கிறார். இந்திப் பதிப்பில் உண்மையைச் சொல்லச் சொல்கிறார். ஒரே அறை, மூன்று வசனம். அறைந்தவரின் தாய்மொழி அந்த மூன்றில் எதுவும் இல்லை.

எல்லைக்காரர்கள் இதில் எடுத்துக்கொள்ள என்ன இருக்கிறது?

மொழி கற்றால் வேலை கிடைக்கும் என்பது பழைய அறிவுரை. பிரகாஷ்ராஜின் கரியர் அதைத் தாண்டி ஒன்றைக் காட்டுகிறது. டப்பிங் வசதி இருந்தும் அவர் கற்றார். 'இருவர்' வேடத்தை வேறொருவர் குரலில் நடித்துவிட்டு அடுத்த படத்துக்குப் போயிருக்கலாம். அப்படிப் போயிருந்தால் டிவியில் போட்டியாளரோடு தமிழில் அரட்டை அடித்திருக்க முடியாது. ராதா மோகனின் கதைகளைத் தயாரிக்கும் அளவுக்குத் தமிழ் வாழ்க்கை அவருக்குப் புரிந்திருக்காது. காவிரிச் சண்டையில் இரண்டு பக்கத்துக் கோபத்தையும் புரிந்துகொண்டு பேசவும் முடிந்திருக்காது.

அதே சமயம், மொழி கற்றுவிட்டால் எல்லோரும் 'நம்ம ஆளு' என்று ஏற்றுக்கொள்வார்கள் என்பதும் உண்மை இல்லை. வேலை தருவார்கள், கைதட்டுவார்கள், விருதும் தருவார்கள். சில நாட்களில் மட்டும் 'நீங்க எந்தப் பக்கம்' என்று கேட்பார்கள். எலக்ட்ரானிக் சிட்டி கேன்டீனில் கன்னடத்தில் ஜோக் அடித்துச் சிரிக்கிற ஓசூர் பையனுக்கும் அந்த நாள் வரும் என்று தெரியும். அடுத்த நாள் அவன் மறுபடி பஸ் ஏறுகிறான். பிரகாஷ்ராஜும் அடுத்த படத்துக்கு டப்பிங் பேசப் போகிறார்.

இப்போது அவர் நாடகத்துக்கே திரும்பியிருக்கிறார். ஸ்ரீரங்கப்பட்டணம் அருகே 'நிர்திகந்தா' என்ற நாடகப் பயிலகத்தை நடத்துகிறார். இளம் கலைஞர்கள் தங்கி, பயிற்சி எடுத்து, நாடகம் தயாரிக்கிற இடம். தொடுவானம் இல்லாதது, எல்லை இல்லாதது என்று பெயருக்கு அர்த்தம் சொல்லலாம்.

ஸ்ரீரங்கப்பட்டணத்தைச் சுற்றி ஓடுகிற காவிரி அங்கிருந்து கீழே இறங்கி, கிருஷ்ணகிரி மாவட்ட எல்லையில் இருக்கிற பிலிகுண்டுலுவை வந்தடைகிறது. தமிழகத்துக்கு எவ்வளவு தண்ணீர் வந்தது என்று அளக்கிற இடம் அது. ஆறு எவ்வளவு வந்தது என்று அங்கே தினமும் கணக்கு எழுதுகிறார்கள். ஆட்கள் எவ்வளவு பேர் வந்துபோகிறார்கள், எத்தனை மொழியைச் சுமந்து போகிறார்கள் என்பதற்கு அப்படியொரு கணக்கு இல்லை. காலை ஏழு மணிக்கு ஓசூர் பஸ் ஸ்டாண்டில் பத்து நிமிஷம் நின்று கேட்டால் ஓரளவு தெரிந்துவிடும்.